நிலம் யாருடையது என்று கேட்காத உணவுப் படம்

2021 டிசம்பரில் சுங்குவார்சத்திரம் ஃபாக்ஸ்கான் ஆலையின் பெண் தொழிலாளர்கள் சென்னை–பெங்களூரு நெடுஞ்சாலையை மறித்து உட்கார்ந்தார்கள். விடுதிச் சாப்பாடு அவர்களில் பலரை மருத்துவமனையில் படுக்க வைத்திருந்தது. ஏரிப் பாசனத்தில் நெல் விளைந்த பூமி இது. இங்கே வேலைக்கு வந்த பிள்ளைகள் நல்ல சோற்றுக்காகச் சாலைக்கு வர வேண்டியிருந்தது.

உணவு, இயற்கை விவசாயம் பற்றி இன்று நிறைய ஆவணப்படங்கள் வருகின்றன. பாரம்பரிய நெல், நாட்டு மாடு, வரப்பில் நின்று பேசும் நில உடைமையாளர் எல்லாம் அதில் உண்டு. நாற்று நடும் நம் அம்மாக்கள் தூரத்தில் குனிந்தபடி தெரிவார்கள். பேச மாட்டார்கள். அந்த நிலம் யாருடையது என்று யாரும் கேட்பதும் இல்லை.

வேறு வழியில் போனவர் பி.வி. சதீஷ். தூர்தர்ஷனில் நிகழ்ச்சித் தயாரிப்பாளராக இருந்தவர். 1983இல் தெலங்கானாவின் ஜஹீராபாத் வட்டாரத்தில் தக்காண வளர்ச்சிச் சங்கத்தைத் தொடங்கியவர்களில் ஒருவர். தன் கேமராவோடு கிராமத்துக்குள் போய்ப் படமெடுத்துத் திரும்பவில்லை. பள்ளிக்கூடம் போகாத தலித் பெண்களுக்குக் கேமராவைக் கற்றுக்கொடுத்தார். தரிசு நிலத்தைக் கூட்டாகத் திருத்தி, சோளமும் தினையும் விளைவித்து, விதையைத் தங்கள் வீட்டிலேயே சேமித்த பெண்கள் அவர்கள். பி.டி. பருத்திக்கு 2002இல் அனுமதி கிடைத்ததும் வாரங்கல் விவசாயிகளின் வயல்களைப் பின்தொடர்ந்து போய், அவர்கள் பட்ட நட்டத்தைப் படமாக்கினார்கள். 2008இல் சொந்தமாகச் சமுதாய வானொலியும் தொடங்கினார்கள். 2023 மார்ச்சில் சதீஷ் மறைந்தார். அவர் வாழ்க்கையின் பெரிய வேலை எது என்று கேட்டால், கேமராவைக் கைமாற்றியதுதான் என்பேன். ஆனால் அந்தப் படங்களின் பெருமை அந்தப் பெண்களுக்கே உரியது.

இந்தத் தொழிற்பேட்டைப் பகுதியில் அப்படி ஒரு படம் எடுத்தால் அது எங்கே தொடங்க வேண்டும்? திருப்பெரும்புதூர் பழைய செங்கல்பட்டு மாவட்டத்து மண். அந்த மாவட்ட ஆட்சியர் ட்ரெமென்ஹீர் கொடுத்த அறிக்கையின் பேரில்தான் 1892இல் பஞ்சமி நில ஆணை வந்தது. முதல் பத்தாண்டு விற்கக் கூடாது, பிறகும் ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்கு மட்டுமே விற்கலாம் என்பது நிபந்தனை. அந்த நிலத்தைத் திருப்பிக் கேட்டுத்தான் 1994 அக்டோபரில் காரணைப் போராட்டத்தில் ஜான் தாமஸும் ஏழுமலையும் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் உயிர் கொடுத்தார்கள்.

நிலம் இல்லாதவனுக்கு இயற்கை விவசாயம் வெறும் உபதேசம். பிறர் நிலத்தில் கூலிக்கு நிற்பவள் எந்த விதையை ஊன்றுவது என்று முடிவு செய்ய முடியாது.

தம்பி, தங்கைகளே, உங்கள் கையில் செல்போன் இருக்கிறது. உங்கள் சேரியின் பாட்டிகளிடம் போங்கள். எந்த ஏரியின் கீழே நடவு நட்டீர்கள், என்ன சாப்பிட்டீர்கள், அந்த வயல் இப்போது யார் பெயரில் இருக்கிறது என்று கேட்டுப் பதிவு செய்யுங்கள். தகவல் உரிமைச் சட்டத்தில் மனு போட்டு உங்கள் கிராமத்துப் பஞ்சமி நிலப் பட்டியலை வாங்குங்கள். பாட்டியின் பேச்சையும் அந்தப் பட்டியலையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டுங்கள். நாம் பார்க்க வேண்டிய உணவுப் படம் அதுதான்.

ஜெய்பீம்.