பெரிய கறிக்குப் பேர் மாற்ற வேண்டியதில்லை

ஒரகடம் பக்கம் ஷிப்ட் வேலைக்கு வருகிற பிள்ளைகள் வாடகைக்கு அறை கேட்டால் முதல் கேள்வி பேர். அடுத்தது ஊர். மூன்றாவது, 'கறியெல்லாம் சமைப்பீங்களா?' மூன்றும் ஒரே கேள்விதான் என்பது கேட்கிறவருக்கும் தெரியும், நமக்கும் தெரியும். வடக்குப்பட்டில் 2022இல் தொல்லியல் துறை தோண்டியபோது சங்ககாலம் கிடைத்தது என்று பெருமை பேசினார்கள். பேசட்டும். மண்ணுக்கு மேலே இருக்கிறவன் அடுப்பை மோப்பம் பிடிக்கிறார்களே, அதை என்னவென்பது?

அதனால்தான் இந்த இதழில் சமையல். தலையங்கத்தில் சட்டியா என்று தோழர்கள் சிரிக்கலாம். சிரித்துவிட்டுப் படியுங்கள்.

லாவோஸில் 'லாப்' என்றொரு பண்டம். கொத்திய கறி, எலுமிச்சை, கை நிறையப் பச்சிலை. மாட்டுக்கறியில் செய்தால் விசேஷம். புத்தாண்டு, கல்யாணம் எதுவானாலும் இலையில் மடித்துக் கையால் தின்பார்கள். அவர்கள் மொழியில் அந்த ஒலிக்கு நற்பேறு என்றும் பொருள். நம்முடைய 'லாபம்' பாலி மொழியோடு அங்கே போய்ச் சேர்ந்த கதை அது. பெரும்பாலோர் பௌத்தர்கள். மாட்டுக்கறி தின்றதற்காக அங்கே யாருக்கும் சேரி கட்டவில்லை.

இங்கே கட்டினார்கள். தீண்டாமையின் வேரைத் தேடி 1948இல் எழுதிய நூலில் அம்பேத்கர் வந்து நிற்கிற இடம் இதுதான்: பார்ப்பனர்கள் மாட்டுக்கறியை விட்டார்கள், பௌத்தர்களாயிருந்த சிதறுண்ட மக்கள் விடவில்லை. 1927இல் மகாத்தில் அவர் விடச் சொன்னது செத்த மாட்டின் கறியை. இதைக் குழப்பி நமக்கே பாடம் நடத்துகிறவர்கள் நம்மிலும் உண்டு.

சரி, அடுப்புக்கு வருவோம். கொழுப்பில்லாத தொடைக்கறி அரைக் கிலோ. ஆட்டுக்கறி விலையில் பாதிகூட ஆகாது. மிஷினில் அரைக்காமல் கத்தியால் பொடிசாகக் கொத்துங்கள். அரைக் கைப்பிடி பச்சரிசியை வெறும் சட்டியில் சிவக்க வறுத்து ரவைப் பதத்தில் இடியுங்கள். லாவோஸில் ஒட்டும் அரிசி, நமக்கு ரேஷன் அரிசியே போதும். இந்த அரிசித்தூளின் வாசம்தான் லாப். இது இல்லையென்றால் வெறும் கொத்துக்கறி. காய்ந்த மிளகாயையும் வறுத்துப் பொடியுங்கள். கறியை எண்ணெய் விடாமல் ஒரு கை தண்ணீரில் கிளறினால் பத்து நிமிஷத்தில் வெந்துவிடும். அங்கே பச்சையாகவும் தின்பார்கள், நமக்கு வேண்டாம். இறக்கி வைத்த பிறகே இரண்டு எலுமிச்சம்பழச் சாறு, உப்பு, மிளகாய்த்தூள், அரிசித்தூள், அரிந்த சின்ன வெங்காயம். அவர்கள் ஊற்றுகிற மீன்சாறுக்குப் பதில் நெத்திலிக் கருவாட்டைக் கொதிக்க வைத்து வடித்த தண்ணீர் இரண்டு கரண்டி. கடைசியில் புதினாவும் கொத்தமல்லியும் தாராளமாக. மடிக்க லெட்டூஸ் கிடைத்தால் சரி, இல்லையென்றால் முட்டைக்கோசின் உள்இலை. ஒற்றை அடுப்பு உள்ள அறைக்கு இதைவிட ஏற்ற சாப்பாடு இல்லை.

இதே பண்டம் பெரிய ஓட்டலில் பீங்கான் தட்டில் வெளிநாட்டுப் பேரோடு வந்தால் நாகரிகம். நம்ம வீட்டில் வெந்தால் 'நாத்தம் அடிக்குது'. 2017 மே மாதம், சந்தையில் இறைச்சிக்கென்று மாடு விற்கக்கூடாது என ஒன்றிய அரசு விதி போட்டது. எதிர்த்து மாட்டுக்கறி விருந்து வைத்த சென்னை ஐஐடி மாணவர்களில் ஒருவரைக் கண்ணில் பலத்த காயம்பட அடித்தார்கள். அதே 30ஆம் தேதி உயர்நீதிமன்ற மதுரைக் கிளை அந்த விதிக்குத் தடை போட்டது. 2022 மே மாதம் ஆம்பூர் பிரியாணித் திருவிழாவை அறிவித்ததே மாவட்ட நிர்வாகம்தான். அந்த ஊரே தின்கிற மாட்டுக்கறிப் பிரியாணிக்கு மட்டும் பந்தலில் இடமில்லை. எதிர்ப்பு கிளம்பியதும் மழையைக் காரணம் காட்டி விழா தள்ளிப்போனது. இதை ஏன் பாகுபாடாகக் கொள்ளக் கூடாது என்று ஆட்சியரிடம் விளக்கம் கேட்டது மாநில ஆதிதிராவிடர், பழங்குடியினர் ஆணையம்.

எனவே யாராவது கேட்டால் 'லாப்' என்று சொல்லித் தப்பிக்க வேண்டாம். பெரிய கறி என்றே சொல்லுங்கள். உப்புக்கண்டத்தைக் கொடியில் காயப்போட்ட நம் கிழவிகள் எந்த நாட்டுப் பேரையும் கடன் வாங்கவில்லை. காலையில் செய்து ஷிப்டுக்கு எடுத்துப் போகிறவர்கள் இலையைத் தனியாகக் கட்டுங்கள், கறியோடு சேர்த்தால் வாடிவிடும். இரண்டு இலை கூடுதலாகவே வையுங்கள். பக்கத்தில் உட்காருகிறவர் கை நீட்டலாம்.