நூறு நாள் வேலை நெல்லைக் கெடுக்கவில்லை

"நூறு நாள் வேலை வந்த பிறகு ஆள் கிடைப்பதில்லை. ஆள் கிடைக்காததால் கூலி ஏறிவிட்டது. கூலி ஏறியதால் நெல் விவசாயம் நஷ்டம்." காவிரி டெல்டாவில் இந்த மூன்று வாக்கியங்களை இன்று யாரும் கேள்வி கேட்பதில்லை. ஆட்சியர் அலுவலகக் குறைதீர் நாள் கூட்டத்தில் இவை மனுவாகின்றன, மேடைகளில் கைதட்டல் வாங்குகின்றன. 2025 டிசம்பரில் இவை சட்டத்துக்குள்ளேயே புகுந்துவிட்டன. மகாத்மா காந்தி ஊரக வேலை உறுதிச் சட்டத்தின் இடத்தில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய புதிய சட்டம், நாட்களை 125 ஆக்கிவிட்டு, விதைப்பும் அறுவடையும் உச்சத்தில் இருக்கும் காலத்தில் ஆண்டுக்கு மொத்தம் 60 நாள் வேலையை நிறுத்திவைக்கச் சொல்கிறது. கூலிக்காரர்கள் வயலுக்குத் திரும்பட்டும் என்பதே அதன் நோக்கம்.

நாலு ஏக்கர் வைத்திருப்பவரின் தவிப்பு பொய்யென்று நான் சொல்ல வரவில்லை. மேட்டூர் திறந்து, தண்ணீர் கல்லணையைத் தாண்டி, முறை வந்து கிளை வாய்க்காலில் இறங்கும்போது ஒரு வட்டாரமே ஒரே வாரத்தில் நடவாள் தேடுகிறது. நாற்றங்காலில் நாற்று முற்றிக்கொண்டிருக்கும். வயது கடந்த நாற்றை நட்டால் தூர் கட்டாது, கண்டுமுதல் குறையும். அந்தப் பதற்றம் உண்மை. அதற்கான பழியைச் சேரக்கூடாத இடத்தில் சேர்த்திருக்கிறோம் என்பதுதான் என் வழக்கு.

திட்டம் ஆட்களை இழுத்துக்கொண்டது என்பது முதல் குற்றச்சாட்டு. திட்டம் நாகப்பட்டினம் மாவட்டத்தில் தொடங்கியது 2006-இல். தஞ்சாவூருக்கும் திருவாரூருக்கும் வந்தது 2007-இல். அதற்கு வெகுகாலம் முன்பே டெல்டாவின் இளைஞர்கள் திருப்பூர் பனியன் கம்பெனிகளுக்கும் சென்னைக் கட்டட வேலைக்கும் வளைகுடாவுக்கும் போகத் தொடங்கிவிட்டார்கள். தண்ணீரும் கைவிட்டது. 2012 முதல் 2019 வரை எட்டு ஆண்டுகள் மேட்டூர் அணை ஜூன் 12-இல் திறக்கப்படவில்லை. ஆழ்குழாய்க் கிணறு இல்லாத ஊர்களில் குறுவை போனது. குறுவை இல்லையென்றால் ஜூன் முதல் செப்டம்பர் வரை நடவு இல்லை, களை இல்லை, அறுப்பு இல்லை. அந்த நாலு மாதமும் கூலிக்குடும்பம் எதைச் சாப்பிடும்? வேலை போனதால்தான் ஆள் போனார்.

திட்டம் உண்மையில் எவ்வளவு வேலை கொடுத்தது என்றும் பார்க்க வேண்டும். பெயர்தான் நூறு நாள். அண்மை ஆண்டுகளில் ஒரு குடும்பத்துக்கு நாட்டளவில் சராசரியாகக் கிடைத்தது 50 நாள் அளவுதான். மீதி முந்நூறு நாளும் ஆள் திட்ட வேலையில் இல்லை. ஆண்கள் இதற்காக வயலை விட்டு ஓடினார்கள் என்பதும் கணக்குக்கு ஒத்துவரவில்லை. 2021-22-இல் தமிழ்நாட்டில் விவசாய வேலைக்கு ஆண்களின் சராசரி நாள்கூலி 400 ரூபாயைத் தாண்டியிருந்தது. அதே ஆண்டு திட்டக் கூலி 273. கூடுதல் கூலியை விட்டுவிட்டுக் குறைந்த கூலிக்கு யார் போவார்? தமிழ்நாட்டில் இந்த வேலைக்குப் போனவர்களில் பத்தில் எட்டுப் பேருக்கு மேல் பெண்கள். அவர்களில் வயலில் இனி யாரும் கூப்பிடாத வயதுப் பாட்டிகளும் ஏராளம்.

பெண்கள் விஷயத்தில்தான் உண்மையான சச்சரவு இருக்கிறது. வயல் வேலையில் ஆணுக்கு ஒரு கூலி, பெண்ணுக்கு அதில் பாதியோ சற்று மேலோ என்பது தலைமுறைகளாக நின்ற வழக்கம். திட்டம் இருவருக்கும் ஒரே கூலியை எழுதிவைத்தது. வாய்க்கால் தூர்வாரினாலும் குளம் வெட்டினாலும் அதே தொகை, அதுவும் அவள் பெயரில் உள்ள வங்கிக் கணக்கில். அதன்பிறகு, விடிகாலையில் வாசலில் வந்து நின்று "நாளைக்கு நடவு, வந்துடு" என்று சொல்பவரிடம், "என்ன கூலி?" என்று அவளால் கேட்க முடிந்தது. மிராசு நடையில் பழகிய காதுகளுக்கு அந்தக் கேள்விதான் ஆள் பஞ்சமாகக் கேட்கிறது.

போலந்துப் பொருளியலாளர் மிஹாவ் கலெட்ஸ்கி 1943-இல் எழுதிய ஒரு கட்டுரை இதைத் தெளிவாகப் பிடித்தது. எல்லோருக்கும் வேலை கிடைக்கும் நிலை வந்தால் விற்பனை பெருகும், லாபமும் கூடலாம். ஆனாலும் முதலாளிகள் அதை எதிர்ப்பார்கள் என்றார் அவர். வேலையை விட்டு நீக்கிவிடுவேன் என்ற மிரட்டலுக்கு அப்போது வலு இருக்காது, ஆலையில் அவர்கள் சொல் எடுபடாது என்பதே காரணம். அவர் ஐரோப்பியத் தொழிற்சாலைகளைப் பற்றி எழுதினார். மன்னார்குடி வயலுக்கும் அது பொருந்துகிறது.

அடுத்தது, சோம்பேறி என்ற வசை. இதைச் சொல்பவர்கள் ஒரு நடவைக் கரையில் நின்றாவது முழுசாகப் பார்க்க வேண்டும். விடிவதற்கு முன் நாற்றுப் பறிப்பு. முடி கட்டி, சேற்றில் வீசி, பெண்கள் வரிசையில் இறங்கினால் குனிந்த முதுகு நிமிர்வது வரப்பு வந்தால்தான். கால்விரல் இடுக்கில் சேற்றுப்புண் வெடித்திருக்கும். அதன்மேல் மஞ்சளையோ வேப்பெண்ணெயையோ தடவிக்கொண்டு மறுநாளும் இறங்குகிறார்கள். ஏக்கருக்கு இவ்வளவு என்று கொத்தாகப் பேசினால் இதே பெண்கள் மதியத்துக்குள் முடித்துக் கரையேறி அடுத்த வயலுக்குப் போகிறார்கள். பேசிய கூலிக்கு முழு வேலை செய்பவரை எந்த அகராதியில் சோம்பேறி என்று எழுதியிருக்கிறது?

மேற்கு வங்கத்திலிருந்து நடவுக்கு வரும் தொழிலாளர்களைக் காட்டி, "அவனைப் பார், எப்படி உழைக்கிறான்" என்கிறார்கள். அவர்கள் உழைப்பில் குறை சொல்ல எதுவும் இல்லை. ஆனால் அவர்கள் மோட்டார் கொட்டகையில் தங்குகிறார்கள். இங்கே வீடு இல்லை, குழந்தையைப் பள்ளிக்கு அனுப்பும் பொழுது இல்லை, பேசிய கூலியில் தகராறு வந்தால் துணைக்கு வர ஊரார் இல்லை. மறுக்க முடியாத நிலையில் இருப்பவர் மறுக்காமல் உழைக்கிறார். அதை உள்ளூர்ப் பெண்ணுக்கு முன்மாதிரியாக நீட்டுவது இருவருக்குமே அவமதிப்பு.

இனி பெரிய கேள்வி: கூலியால்தான் நஷ்டமா? டேவிட் ரிக்கார்டோ 1817-இல் அரசியல் பொருளாதாரத்தின் முதன்மைச் சிக்கலாக வைத்தது ஒன்றுதான். மண்ணில் விளைந்தது நிலத்துக்காரர், முதல் போட்டவர், உழைத்தவர் என்ற மூவருக்குள் எப்படிப் பங்காகிறது? டெல்டாவின் நெல்லை அப்படிப் பிரித்துப் பார்த்தால், பேச்சில் அடிபடும் பங்கு ஒன்று, கூடிக்கொண்டே போகும் பங்குகள் வேறு.

அறுவடையில் கூலியாளே அநேகமாக இல்லை. பெல்ட் வண்டி வயலில் இறங்கி, மணிக்கணக்கில் வாடகை வாங்கிக்கொண்டு, அறுத்து, அடித்து, தூற்றி, நெல்லை டிராக்டரில் கொட்டிவிட்டுப் போகிறது. வண்டிகளில் பல சேலம், நாமக்கல் பக்கத்தவை. மழை மேகம் கூடினால் வாடகை ஏறும்; அந்த ஏற்றத்தை எதிர்த்து யாரும் மேடை போடுவதில்லை. களைக்கு மருந்து தெளிக்கிறார்கள். மிஞ்சியிருக்கும் கைவேலை நாற்றுப் பறிப்பு, நடவு, வரப்பு வெட்டு, உரம் போடுதல். அதே காலத்தில் டி.ஏ.பி. மூட்டை 1,350 ரூபாய்க்கு வந்துவிட்டது, டீசலும் ஏறியது.

குத்தகையைப் பற்றி மூச்சே இல்லை. டெல்டாவில் நெல் விளைவிப்பவர்களில் கணிசமானோர் சென்னையில் இருக்கும் பட்டாதாரருக்கோ கோயிலுக்கோ மடத்துக்கோ குத்தகை அளப்பவர்கள். நியாயக் குத்தகைச் சட்டம் 1956 முதல் இருக்கிறது. வாய்மொழிக் குத்தகையில் அது எங்கே எட்டும்? புயலில் பயிர் சாய்ந்தால், பெயரில் பட்டா இல்லாததால் நிவாரணமும் சாகுபடி செய்தவரைத் தாண்டிப் போய்விடுகிறது.

விலையைப் பாருங்கள். 2006-இல் எம்.எஸ். சுவாமிநாதன் ஆணையம் செலவோடு ஐம்பது சதவீதம் சேர்த்து ஆதரவு விலை கேட்டது. சொந்த நிலத்தின் வாடகையையும் போட்ட முதலின் வட்டியையும் உட்படுத்தும் சி-2 கணக்கில்தான் அதைத் தர வேண்டும் என்று விவசாய சங்கங்கள் கேட்கின்றன. ஒன்றிய அரசு அவ்விரண்டையும் விட்ட கணக்கை எடுத்துக்கொண்டு, ஒன்றரை மடங்கு கொடுத்துவிட்டதாகச் சொல்கிறது. 2025-26-க்கு அது அறிவித்த விலை குவிண்டாலுக்கு 2,369 ரூபாய். மாநில ஊக்கத்தொகை சேர்ந்து சாதாரண ரகம் 2,500 ஆகியிருக்கிறது. அந்த 2,500, 2021 தேர்தலில் கொடுத்த வாக்குறுதி. வந்து சேர்வதற்குள் உரமும் வாடகையும் அதைத் தின்றுவிட்டன. அந்த விலையும் முழுசாகக் கைக்கு வருவதில்லை. ஈரப்பதம் 17 சதவீதத்தைத் தாண்டினால் கொள்முதல் நிலையத்தில் நெல் நிற்கிறது. 2025 அக்டோபர் மழையில் குறுவை நெல் குவியலிலேயே நனைந்து முளைத்ததைப் பார்த்தோம். சிப்பத்துக்கு இவ்வளவு என்று கைமாறும் பணம் பற்றிய புகார் பல்லாண்டுப் பழையது. இவ்வளவையும் விட்டுவிட்டு, அடுத்த தெருவில் இருக்கும் நடவுப் பெண்ணின் கூலி மட்டும் கண்ணில் படுகிறது. உரக் கம்பெனியோடும் ஒன்றிய அரசோடும் பேரம் பேச முடியாத சிறு விவசாயி, பேரம் பேச முடிகிற ஒரே ஆளிடம் பேசுகிறார். அவர் மேல் எனக்குக் கோபமில்லை. அவரை அந்த இடத்தில் நிறுத்தி வேடிக்கை பார்ப்பவர்கள் மேல் இருக்கிறது.

கூலி கூடினால் விவசாயம் அழியும் என்பதும் புதிய கண்டுபிடிப்பல்ல. கொள்ளைநோயில் மக்கள் மடிந்து ஆள் குறைந்தபோது, பழைய கூலிக்கே வேலை செய்ய வேண்டும் என்று இங்கிலாந்தில் 1351-இல் சட்டம் போட்டார்கள். இங்கே சாணிப்பாலும் சவுக்கடியும் நடந்த காலத்தில், பி. சீனிவாசராவும் விவசாயத் தொழிலாளர்களும் போராடி 1952-இல் பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தபோது மிராசுதார்கள் இதையே சொன்னார்கள். அரைப்படி நெல் கூடுதலாகக் கேட்ட கீழவெண்மணியில் 1968 டிசம்பர் 25 இரவு 44 பேர் ஒரு குடிசைக்குள் எரிக்கப்பட்டார்கள். மறு ஆண்டு நியாயக் கூலிச் சட்டம் வந்தது. அதற்குப் பிறகும் டெல்டாவில் நெல் விளைந்துகொண்டுதான் இருக்கிறது.

டெல்டாவின் விவசாய சங்கங்களிடம் ஒரு வேண்டுகோள். அந்த 60 நாள் நிறுத்தத்தை எந்தெந்தப் பகுதியில், எப்போது என்று மாநில அரசுதான் அறிவிக்க வேண்டும். அது எங்கள் நடவுக்கு வேண்டும் என்று மனு கொடுக்காதீர்கள். ஒரு கூலிக்காரியின் மாற்று வழியை அடைப்பதால் உங்கள் நெல்லுக்கு ஒரு ரூபாய் கூடப் போவதில்லை. அதற்குப் பதிலாக மனுவில் சி-2 விலையைக் கேளுங்கள், ஈர நெல்லுக்குக் கொள்முதல் நிலையங்களில் உலர்த்தும் இயந்திரம் கேளுங்கள், தொடக்க வேளாண் கூட்டுறவுச் சங்கத்துக்குப் பெல்ட் வண்டி கேளுங்கள், வாய்மொழிக் குத்தகைதாரரைப் பதிவு செய்யக் கேளுங்கள். அந்த மனுவில் கையெழுத்துப் போட நடவுப் பெண்களையும் கூப்பிடுங்கள், வருவார்கள்.