முதலில் அட்ரினலின், அவில் பிறகு

நண்பர்களே, இது கொஞ்சம் நீளமான பதிவு. வீட்டில் பிள்ளைகள் இருப்பவர்களும் பள்ளியில் வேலை பார்ப்பவர்களும் பொறுமையாக முழுவதும் படித்துவிடுங்கள்.

போன வாரம் உறவினர் வீட்டுக் காதுகுத்து. கறிவிருந்தில் இறாலும் இருந்தது. சாப்பிட்டு எழுந்த ஒரு பெண்ணுக்குக் கை, கழுத்தெல்லாம் திட்டுத் திட்டாகத் தடித்துவிட்டது. சொறிந்து மாளவில்லை. "ஒரு அவில் மாத்திரை குடுங்க, அரை மணி நேரத்துல அடங்கிடும்" என்றார் ஒருவர். கொடுத்தார்கள். அடங்கியும்விட்டது.

எல்லோருக்கும் நிம்மதி. எனக்கு மட்டும் ஒரு கவலை. அந்தப் பெண்ணுக்கு ஒவ்வாமை தோலோடு நின்றது, அதனால் அவில் போதுமானதாக இருந்தது. ஆனால் பந்தியில் இருந்த நாற்பது பேரும் 'எந்த அலர்ஜி வந்தாலும் அவில் போதும்' என்ற பாடத்தோடு வீட்டுக்குப் போயிருப்பார்கள். அது தப்பான பாடம். ஒருநாள் அது உயிரைக் கேட்கும்.

நான் மருத்துவர் இல்லை. முப்பது வருடம் அறிவியல் பாடம் எடுத்தவன். இதைப் பற்றிப் பேச எனக்கு என்ன தகுதி என்றால், இதே தப்பை நானும் செய்திருக்கிறேன் என்பதுதான்.

2010-ஆம் ஆண்டு என்று நினைவு. பள்ளி மைதானத்தின் ஓரத் தென்னையில் கதண்டு கூடு கட்டியிருந்தது. கடந்தை, குளவி என்று வேறு ஊர்களில் சொல்வார்கள். எட்டாம் வகுப்புப் பையன் ஒருவனைக் கழுத்தில் கொட்டிவிட்டது. ஒரே ஒரு கொட்டுதான். கூட்டமாகக் கொட்டி விஷம் ஏறுவது வேறு கதை. இது அப்படியில்லை. சுண்ணாம்பு தடவி, வகுப்பில் உட்காரச் சொன்னோம்.

ஐந்து நிமிடம்கூட ஆகியிருக்காது. வாந்தி எடுத்தான். "சார், தொண்டை என்னமோ பண்ணுது சார்" என்றான். குரல் கம்மியிருந்தது. பயத்தில் சொல்கிறான் என்று நினைத்தேன். தண்ணீர் குடிக்கச் சொன்னேன். உதடு வீங்க ஆரம்பித்ததும்தான் எனக்குப் பதற்றம் வந்தது. தோளில் கைபோட்டு எழுப்பி, மைதானத்தைக் கடந்து வாசல்வரை நடத்திக் கூட்டிப்போனோம், ஆட்டோ பிடிக்க. பாதி வழியில் அப்படியே சரிந்து விழுந்தான்.

பக்கத்துக் கிளினிக்கில் அவில் ஊசியும் டெக்சா ஊசியும் போட்டார்கள். "கொஞ்ச நேரம் பாருங்க" என்றார்கள். பத்து நிமிடம் பார்த்தோம். பையன் வெளுத்துக்கொண்டே போனான். பிறகு அங்கிருந்து அரசு மருத்துவமனை. அங்கே பணியில் இருந்த இளம் மருத்துவர் நாடியைப் பிடித்துப் பார்த்தார், மார்பில் ஸ்டெதாஸ்கோப் வைத்தார், உடனே தொடையில் ஒரு ஊசி போட்டார். சலைன் ஏற்றினார், ஆக்சிஜன் வைத்தார். சில நிமிடங்களில் பையன் கண்ணைத் திறந்து "அம்மா எங்க" என்று கேட்டான்.

"என்ன ஊசி டாக்டர்?" என்று கேட்டேன்.

"அட்ரினலின் சார்."

எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. வருடா வருடம் நாளமில்லாச் சுரப்பிகள் பாடத்தில் பலகையில் எழுதிப்போட்ட பெயர். அட்ரீனல் சுரப்பி, ஆபத்துக்கால ஹார்மோன், இரண்டு மதிப்பெண். அது ஆபத்துக் காலத்தில் கண்ணாடிக் குப்பியில் மருந்தாகவும் கிடைக்கும் என்று அன்றுவரை நான் யோசித்ததே இல்லை.

அதன்பிறகு இதைப் பற்றித் தேடித் தேடிப் படித்தேன். நான் புரிந்துகொண்டதைச் சொல்கிறேன்.

இதற்கு 'அனாபிலாக்சிஸ்' என்று பெயர். ஷார்ல் ரிஷே, பால் போர்ட்டியே என்ற இரண்டு பிரெஞ்சு விஞ்ஞானிகள் 1902-இல் வைத்த பெயர். கடல் உயிரிகளின் நச்சை நாய்களுக்குச் சிறிய அளவில் கொடுத்துப் பார்த்தார்கள். எதிர்ப்புச் சக்தி வரும் என்று எதிர்பார்த்தார்கள். ஆனால் சில வாரம் கழித்து, முன்பு தாங்கிக்கொண்ட அதே சிறிய அளவு நாயைக் கொன்றது. உடலைக் காக்க வேண்டிய ஏற்பாடே உடல்மீது பாய்கிறது என்று கண்டார்கள். ரிஷேவுக்கு 1913-இல் நோபல் பரிசு கிடைத்தது.

உள்ளே நடப்பது இதுதான். ஒவ்வாத பொருள் உடலில் நுழைந்ததும் சில செல்கள் ஹிஸ்டமின் போன்ற பல வேதிப்பொருட்களை ஒரேயடியாகக் கொட்டுகின்றன. ரத்தக் குழாய்கள் விரிந்து, உள்ளிருக்கும் நீர் கசிகிறது. ரத்த அழுத்தம் விழுகிறது. தொண்டை வீங்குகிறது. மூச்சுக்குழல் சுருங்குகிறது. அவில் தடுப்பது அந்த ஹிஸ்டமின் ஒன்றைத்தான். அரிப்பும் தடிப்பும் குறையும். விழுந்த ரத்த அழுத்தத்தை அது தூக்காது, மூச்சுக்குழலைத் திறக்காது. டெக்சா போன்ற ஸ்டீராய்டு வேலை செய்யவே சில மணி நேரம் ஆகும். அட்ரினலின் குழாய்களைச் சுருக்கி அழுத்தத்தை உயர்த்துகிறது, வீக்கத்தைக் குறைக்கிறது, மூச்சுக்குழலை விரிக்கிறது, இதயத்துக்கு வலு தருகிறது, மேற்கொண்டு அந்த வேதிப்பொருட்கள் கொட்டுவதையும் அடக்குகிறது. ஒரே மருந்து, இத்தனை வேலை.

நேரம் எவ்வளவு இருக்கிறது? பிரிட்டனில் இப்படி இறந்துபோனவர்களின் விவரங்களை ஆராய்ந்த ஓர் ஆய்வு 2000-ஆம் ஆண்டில் வெளிவந்தது. மூச்சோ இதயமோ நிற்கும்வரை எடுத்துக்கொண்ட நேரத்தின் நடுமதிப்பு: உணவு என்றால் 30 நிமிடம், பூச்சி கொட்டினால் 15 நிமிடம், மருந்து என்றால் 5 நிமிடம். இது இறந்தவர்களின் கணக்கு. பெரும்பாலானோர் பிழைத்துக்கொள்கிறார்கள். ஆனால் யார் பிழைப்பார், யார் மாட்டார் என்று ஆரம்பத்தில் யாராலும் சொல்ல முடியாது. "கொஞ்ச நேரம் பாருங்க" என்பதற்கு அங்கே நேரம் கிடையாது.

எப்படிக் கண்டுபிடிப்பது? பூச்சி கொட்டியோ, ஏதாவது சாப்பிட்டோ, மருந்து போட்டோ சில நிமிடங்களில் இருந்து ஓரிரு மணி நேரத்துக்குள் தோல் தடித்தால், உதடு, முகம் வீங்கினால், அதோடு இவற்றில் ஏதாவது ஒன்றாவது இருக்கிறதா என்று பாருங்கள்: மூச்சுத் திணறல், வீசிங், குரல் கம்மல், தொண்டை அடைப்பு, தலைசுற்றல், மயக்கம், விடாத வாந்தி அல்லது கடும் வயிற்றுவலி. இருந்தால் இது வெறும் அலர்ஜி இல்லை. இன்னொன்று முக்கியம். சிலருக்குத் தோலில் ஒன்றுமே தெரியாது. ஒவ்வாது என்று ஏற்கெனவே தெரிந்த பொருள் உள்ளே போய், மூச்சோ குரலோ மாறினால், ஆள் மயங்கினால், தடிப்பு வரட்டும் என்று காத்திருக்கக் கூடாது. ஆஸ்துமா உள்ள பிள்ளைகளிடம் கூடுதல் கவனம் வேண்டும்.

என்ன செய்வது? 108-க்கு அழைத்து "கடுமையான அலர்ஜி, மூச்சு விட முடியவில்லை" என்று தெளிவாகச் சொல்லுங்கள். ஆளைப் படுக்க வைத்துக் கால்களை உயர்த்தி வையுங்கள். மூச்சுத் திணறினால் காலை நீட்டி உட்காரலாம். வாந்தி எடுத்தாலோ நினைவு இல்லாவிட்டாலோ ஒருக்களித்துப் படுக்க வையுங்கள். எக்காரணம் கொண்டும் எழுப்பி நடத்தாதீர்கள். விரிந்த குழாய்களில் ரத்தம் காலுக்கு இறங்கிவிடும், இதயத்துக்குத் திரும்பி வர ரத்தம் இருக்காது. எழுந்து நின்ற நொடியில் உயிர் போனவர்கள் உண்டு. அந்தப் பையனை நான் மைதானம் முழுக்க நடத்திக் கூட்டிப்போனேனே, அதை இன்றும் நினைத்தால் நெஞ்சு பதறுகிறது.

மருத்துவமனையில் போட வேண்டியது அட்ரினலின், தொடையின் வெளிப்பக்கத் தசையில். எடையில் கிலோவுக்கு 0.01 மில்லிகிராம், பெரியவர்களுக்கு அதிகபட்சம் 0.5 மில்லிகிராம். குறையாவிட்டால் 5 முதல் 15 நிமிடத்தில் மறுபடியும் போடலாம். அவிலும் டெக்சாவும் அதற்குப் பிறகு. சரியானதும் உடனே வீட்டுக்குக் கிளம்பக் கூடாது. சில மணி நேரம் கழித்து இரண்டாவது முறையாக வருவதுண்டு என்பதால் கண்காணிப்பில் இருக்கச் சொல்வார்கள். இருங்கள்.

இவ்வளவு தெளிவாக இருக்கும்போது ஏன் தாமதம்? அட்ரினலின் என்றால் கடைசி நேரத்து மருந்து, இதயம் நின்றபின் போடுவது என்ற பயம் சில கிளினிக்குகளில் இன்னும் இருக்கிறது. நோயாளிக்கு ஏதாவது ஆகிவிட்டால் வம்பு என்ற எண்ணமும் உண்டு. சரியான அளவில் தசையில் போட்டால் வருவது கொஞ்ச நேரப் படபடப்பு, கை நடுக்கம், தலைவலி. ஆபத்து பெரும்பாலும் அளவு தெரியாமல் நரம்பில் ஏற்றும்போதுதான். உயிர் போகும் ஒவ்வாமையில், தசையில் போடும் அட்ரினலினைக் கொடுக்கவே கூடாது என்று சொல்லத்தக்க நோய் எதுவும் இல்லை என்கின்றன மருத்துவ வழிகாட்டுதல்கள். நம் தேசிய அத்தியாவசிய மருந்துப் பட்டியலில் உள்ள மருந்து இது. விலையும் அதிகமில்லை.

இனி என் கருத்து. பிரிட்டனில் 2017 அக்டோபரில் இருந்து, தொடையில் அழுத்தினால் தானே மருந்து இறங்கும் பேனா போன்ற அட்ரினலின் ஊசியை மருந்துச்சீட்டு இல்லாமலே பள்ளிகள் வாங்கி வைக்கலாம். அமெரிக்காவிலும் பள்ளிகள் அதை இருப்பு வைப்பதை ஊக்குவிக்க 2013-இல் சட்டம் வந்தது. நம் மருந்துக்கடைகளில் அந்தப் பேனா எளிதில் கிடைப்பதில்லை. கிடைத்தாலும் சாதாரணக் குடும்பத்துக்குக் கட்டுப்படியாகும் விலையில் இருக்க வேண்டும்.

"வாத்தியார் ஊசி போடலாமா?" என்று கேட்பீர்கள். குப்பியை உடைத்து, அளவு பார்த்து ஊசியில் ஏற்றுவதைப் பயிற்சி இல்லாத ஆசிரியர் செய்ய வேண்டும் என்று நான் சொல்லவில்லை. ஆனால் ஒன்றை யோசியுங்கள். கொரோனா தடுப்பூசி போட்டபின் நம் எல்லோரையும் அரை மணி நேரம் நாற்காலியில் உட்கார வைத்தார்களே, எதற்கு? இதே அனாபிலாக்சிஸ் வந்தால் உடனே பார்க்கத்தான். தடுப்பூசி போடும் இடத்தில் அட்ரினலின் உள்ள பெட்டி ஒன்று இருக்க வேண்டும் என்பது விதி. கிராம சுகாதார செவிலியரே முதல் ஊசியைப் போட்டு மேல் சிகிச்சைக்கு அனுப்பலாம் என்று அரசே வழிகாட்டுதல் தந்திருக்கிறது. அங்கே முடிந்தது பள்ளிக்கும் வர ஏன் வழி செய்யக் கூடாது?

நான் கேட்பது மூன்று. ஒன்று, ஆசிரியர் பயிற்சிகளில் வருடம் ஒரு மணி நேரம் இதற்கு ஒதுக்குங்கள். அடையாளம் காண, படுக்க வைக்க, 108-ஐ அழைக்கத் தெரிந்தாலே பாதி வேலை முடிந்தது. இரண்டு, அந்தப் பேனா ஊசி இங்கேயே மலிவாகத் தயாராகிப் பள்ளிகளுக்கும், நூறு நாள் வேலைத் தளங்களுக்கும் வர அரசு வழி செய்ய வேண்டும். கதண்டு கொட்டி ஆட்கள் செத்ததாகச் செய்தித்தாளில் படிக்காத வருடம் உண்டா? மூன்று, பெற்றோரே, உங்கள் பிள்ளைக்கு எது ஒவ்வாது என்று தெரிந்தால் ஒரு அட்டையில் எழுதிப் பையில் வையுங்கள், வகுப்பாசிரியரிடமும் சொல்லுங்கள். மருத்துவமனையில் தயங்காமல், மரியாதையாகவே கேளுங்கள்: "டாக்டர், அட்ரினலின் போட்டாச்சா?"

அந்தப் பையன் இப்போது திருப்பூரில் வேலையில் இருக்கிறான். ஆசிரியர் தினத்தன்று மறக்காமல் போன் செய்வான். "நீங்கதான் சார் அன்னிக்கு என்னைக் காப்பாத்துனீங்க" என்பான். கேட்கும்போதெல்லாம் எனக்குக் கூசும். சுண்ணாம்பு தடவினேன், தண்ணீர் கொடுத்தேன், நடக்க வைத்தேன். காப்பாற்றியது அந்த மருத்துவர் போட்ட ஊசி.

இந்தப் பதிவைப் படிக்கும் ஆசிரியர்கள் நாளைக்கு ஒரு வேலை செய்யுங்கள். உங்கள் பள்ளியின் முதலுதவிப் பெட்டியைத் திறந்து பாருங்கள், மைதானத்து மரங்களையும் ஒருமுறை அண்ணாந்து பாருங்கள். கூடு இருந்தால் நீங்களே கலைக்காமல் தீயணைப்புத் துறைக்குச் சொல்லுங்கள். பக்கத்து ஆரம்ப சுகாதார நிலையத்தில் அட்ரினலின் இருப்பு இருக்கிறதா என்று ஒரு போன் போட்டுக் கேளுங்கள். மருத்துவ நண்பர்கள் நான் எழுதியதில் பிழை இருந்தால் பின்னூட்டத்தில் திருத்துங்கள், ஏற்றுக்கொள்கிறேன்.