வாளுக்குச் சட்டம் எழுதியவர்கள்

உகாண்டா என்றவுடன் நமக்கு இடி அமீன் என்ற ஒற்றைப் பெயர்தான் நினைவுக்கு வருகிறது. எவரையேனும் கொடுங்கோலர் என்று ஏச வேண்டுமானால் மேடைகளில் எடுத்து வீசப்படும் பெயர் அது. அந்நாட்டின் தலைமை நீதிபதி பட்டப்பகலில் நீதிமன்றத்திலிருந்தே இழுத்துச் செல்லப்பட்டுக் கொல்லப்பட்டார் என்று சொன்னால், "அமீன்தானே, வேறென்ன செய்வான்?" என்று நண்பர்கள் ஒரே வாக்கியத்தில் முடித்துவிடுகிறார்கள். அந்த வாக்கியத்தோடுதான் எனக்கு வழக்கு. கொன்றவர்கள் அமீனின் படையினர். ஆனால் அவர்கள் நடந்து வந்த பாதையைச் செப்பனிட்டுக் கொடுத்தது அதே நீதிமன்றம்.

பிரிட்டன் 1894-இல் உகாண்டாவைத் தன் பாதுகாப்புக்குட்பட்ட நாடாக்கியது. 1902-இல் அங்கே உயர் நீதிமன்றம் அமைந்தது. அதன் உச்ச நாற்காலியில் அமர்ந்தவர்கள் கடல் கடந்து வந்தவர்கள். 1962 அக்டோபர் 9 அன்று விடுதலை கிடைத்த பின்னரும் மண்ணின் மைந்தர் ஒருவர் உடனே அங்கு அமரவில்லை. 1963 முதல் 1969 வரை தலைமை நீதிபதியாக இருந்தவர் நைஜீரியரான உடோ உடோமா.

அவர் காலத்தில்தான் சோதனை வந்தது. 1966-இல் பிரதமர் மில்டன் ஓபோட்டே அரசியலமைப்பை முடக்கினார். புதியதொன்றை உறுப்பினர்கள் படித்துப் பார்க்குமுன்பே நாடாளுமன்றத்தில் நிறைவேற்றிக்கொண்டார். மே மாதம் புகாண்டா அரசரின் மெங்கோ அரண்மனை தாக்கப்பட்டது. தாக்கிய படைக்குத் தலைமை தாங்கியவர் இடி அமீன். தடுப்புக் காவலில் வைக்கப்பட்ட மைக்கேல் மட்டோவு நீதிமன்றத்தின் கதவைத் தட்டினார். அவர் வழக்கில் எழுந்த பெரிய கேள்வி, அந்தப் புதிய அரசியலமைப்பு செல்லுமா என்பது. 1967-இல் உடோமாவின் அமர்வு 'செல்லும்' என்றது. வெற்றி பெற்ற புரட்சியே புதிய சட்டத்தின் ஊற்று என்னும் ஹான்ஸ் கெல்சனின் கோட்பாட்டையும், அதைப் பின்பற்றிய பாகிஸ்தானின் 1958-ஆம் ஆண்டு டோஸோ தீர்ப்பையும் துணைக்கு அழைத்தது.

இதன் பொருளை நாம் நிதானமாக எண்ணிப் பார்க்க வேண்டும். வென்றவன் செய்ததே சட்டம் என்று அறங்கூறவையம் ஒருமுறை எழுதிக் கொடுத்துவிட்டால், அந்த ஓலை எழுதி வாங்கியவனிடமே தங்கிவிடாது. 1971 ஜனவரி 25 அன்று அதே அமீன் ஓபோட்டேயைக் கவிழ்த்தபோது, நான்காண்டுகளுக்கு முன் எழுதிய வாதம் அவருக்கும் அப்படியே பொருந்தியது.

அமீன் ஆட்சியில் தலைமை நீதிபதியானவர் பெனடிக்டோ கிவானுகா. அந்நாற்காலியில் அமர்ந்த முதல் உகாண்டாக்காரர். விடுதலைக்கு முந்தைய தன்னாட்சிக் காலத்தில் பிரதமராக இருந்தவர், ஓபோட்டேயால் சிறைவைக்கப்பட்டவர், அமீனால் விடுவிக்கப்பட்டவர். சதிப்புரட்சியாளனின் கையிலிருந்து பதவியை வாங்கிக்கொண்டது அவருடைய பிழை. அதை மறைக்க நான் முயலவில்லை. ஆனால் பதவியைத் தந்தவனுக்குத் தீர்ப்பைத் தர அவர் மறுத்தார். படையினர் பிடித்து வைத்திருந்த பிரிட்டிஷ் வணிகர் ஒருவரின் ஆட்கொணர்வு மனுவில், இந்நாட்டில் படைக்குக் கைது செய்யும் அதிகாரம் இல்லை என்று 1972 செப்டம்பரில் சொன்னார். அதே மாதம் 21-ஆம் நாள் ஆயுதம் தாங்கியவர்கள் நீதிமன்றத்துக்கே வந்து அவரைக் கொண்டு போனார்கள். அவர் திரும்பவில்லை.

"துப்பாக்கியின் முன் நீதிபதி என்ன செய்ய முடியும்?" என்று கேட்பவர்கள் உண்டு. உடோமாவிடம் படை இல்லை என்பது உண்மைதான், கிவானுகாவிடமும் இல்லை. நீதிபதியால் படையைத் தடுக்க முடியாது. ஆனால் அதன் செயலுக்குச் 'சட்டம்' என்று பெயர் சூட்டாதிருக்க முடியும். டோஸோ தீர்ப்பு தவறு என்று பாகிஸ்தானின் உச்ச நீதிமன்றமே 1972 ஏப்ரலில் அறிவித்தது. அதுவும் யாஹியா கான் வீழ்ந்த பிறகுதான் என்பது வேறு கதை.

இது முடிந்துபோன பழங்கதையும் அன்று. 2005 நவம்பரில், பிணை பெற்றவர்களை மீண்டும் பிடிக்கக் கறுப்புடை தரித்த ஆயுதக்காரர்கள் கம்பாலா உயர் நீதிமன்றத்தைச் சூழ்ந்தனர். நொந்துபோன நீதிபதி ஜேம்ஸ் ஒகூலா ஒரு கவிதையே எழுதினார். 2025 ஜனவரி 31 அன்று, குடிமக்களைப் படை நீதிமன்றங்கள் விசாரிப்பது அரசியலமைப்புக்கு முரண் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. கிவானுகாவின் குரல் ஐம்பத்திரண்டு ஆண்டுகள் கழித்து மீண்டும் ஒலித்தது என்று மகிழ்வதற்குள், அதே ஆண்டு ஜூன் மாதம் அவ்விசாரணைகளுக்கு மறுபடி இடமளிக்கும் திருத்தச் சட்டம் கையெழுத்தாகிவிட்டது.

தன் தீர்ப்பு தவறென்று அறிந்த கணத்திலேயே உயிர்விட்ட பாண்டியனைச் சிலப்பதிகாரத்தில் கற்பிப்பவன் நான். உகாண்டாவில் தவறான தீர்ப்பை எழுதியவர் உயிர்விடவில்லை. பின்னால் வந்து சரியான தீர்ப்பைச் சொன்னவர்தான் உயிர்விட்டார். ஆகவே, அடுத்த முறை இடி அமீனை ஏசும்போது, அவருக்கு முன்பே எழுதப்பட்ட அந்த 1967-ஆம் ஆண்டுத் தீர்ப்பையும் சேர்த்தே ஏசுங்கள்.