ஒரு பெயரும் இரு குலமும்

சென்ற தவணையில் ஒரு நாள், எம்மிடம் விஞ்ஞானம் பயிலும் மாணவன் ஒருவன் செய்தித்தாளிற் பொதிந்த இரு பொருள்களை எமது மேசைமீது வைத்தான். கப்பலிற் பணிபுரியும் அவனுடைய மாமா கொண்டுவந்து கொடுத்தவை அவை. இரண்டும் உலர்ந்த கடல் முள்ளெலிகள். ஒன்று ஹவாய்த் தீவிலும் மற்றையது கரீபியக் கடலிலும் கிடைத்தவை. ஊசி போன்ற முட்களுக்குப் பதிலாக, சிலேற்றுப் பென்சிலை ஒத்த தடித்த முட்கள் இரண்டிலும் இருந்தன.

"இவை இரண்டும் ஒரே குடும்பமா, ஐயா? ஆனால் இதன் முள்ளில்..." என்று அவன் தொடங்கினான்.

"ஒரே குடும்பந்தான். பார்த்தாலே தெரியவில்லையா?" என்று இடைமறித்து விடையிறுத்துவிட்டுப் பாடத்தைத் தொடர்ந்தோம்.

அன்றிரவு நூல்களைப் புரட்டியபோதுதான் நாம் உரைத்தது பிழை எனக் கண்டோம். அப்பிழையின் வரலாற்றையே இவ்வாரம் வாசகர்முன் வைக்கின்றோம்.

கடல் முள்ளெலி எலியன்று. உடுமீனும் கடலட்டையும் சேர்ந்த முட்தோலிகள் என்னுங் கணத்தைச் சேர்ந்த பிராணி அது. அதன் உருண்டையான ஓடு சுண்ணாம்புத் தகடுகளால் ஆனது. ஓட்டிலுள்ள சிறு குமிழ்களின்மேல் முட்கள் பொருந்தியுள்ளன. நமது தோள்மூட்டைப் போல அவை எப்பக்கமுந் திரும்பவல்லன. முள்ளின் அடியைச் சூழ்ந்துள்ள ஒருவகை இழையம், வேண்டும்போது விறைத்து முள்ளை அசையாது பிடித்துக்கொள்ளும். தசைகள் ஓயாது உழைக்கவேண்டியதில்லை. வாயோ உடலின் கீழ்ப்பக்கத்தில் உண்டு. அதிலுள்ள ஐந்து பற்களையுந் தாங்கும் அமைப்பை அரிஸ்டோட்டில் ஒரு விளக்குக்கு ஒப்பிட்டார். அதனால் இன்றும் அதற்கு 'அரிஸ்டோட்டிலின் விளக்கு' என்பதே பெயர்.

இனி மாணவன் கொணர்ந்த இரண்டையும் நோக்குவோம். ஹவாய்த் தீவின் செந்நிறப் பிராணிக்கு விஞ்ஞானிகள் இட்ட பெயர் ஹெற்றரோசென்றோட்டஸ் மமிலாட்டஸ். இதனை 1758ஆம் ஆண்டிலேயே லின்னேயஸ் விவரித்துள்ளார். அலைகள் மோதும் பவளப்பாறைகளின் இடுக்குகளில், தடித்த முட்களை முட்டுக்கொடுத்து, அலை அடித்துச் செல்லாதவாறு இது தன்னை இறுக்கிக்கொள்ளும். கரீபியப் பிராணியின் பெயர் யூசிடாரிஸ் றிபுலோயிடஸ். இதனை 1816இல் லாமார்க் விவரித்தார். இதுவும் பகலில் முட்களை ஊன்றி இடுக்குகளிற் பதுங்கியிருந்து, இரவில் இரைதேடும். இரண்டையும் ஆங்கிலத்தில் 'சிலேற்றுப் பென்சில் முள்ளெலி' என்னும் ஒரே பெயராலேயே அழைக்கின்றனர். நாம் ஏமாந்ததில் வியப்பில்லை!

மறுநாள் வகுப்பில் எமது பிழையை ஒப்புக்கொண்டு, "நேற்று நீ சொல்ல வந்தது என்ன?" என்று அம்மாணவனைக் கேட்டோம். "இதன் முள்ளிற் பாசியும் சிப்பித்துண்டும் ஒட்டியிருக்கின்றன, ஐயா, சிவப்பு முள் துப்புரவாக இருக்கிறது. அது ஏன் என்று கேட்க வந்தேன்" என்றான்.

விடையின் திறவுகோல் அவன் கையிலேயே இருந்திருக்கின்றது! யூசிடாரிஸ் அடங்கிய சிடாரோயிடா என்னும் வருணத்தில், பெரிய முட்கள் முழுவளர்ச்சி அடைந்ததும் அவற்றை மூடியிருந்த உயிர்த்தோல் அழிந்துவிடும். காவலற்ற அம்முள்ளிற் பாசியும் கடற்பஞ்சும் பிறவுங் குடியேறும். ஹெற்றரோசென்றோட்டசின் முட்களை மெல்லிய தோல் இறுதிவரை மூடியிருக்கும். ஆதலின் அவை துப்புரவாக உள்ளன.

பின்னர் முள் உதிர்ந்த இடங்களை உருப்பெருக்குங் கண்ணாடியால் மாணவரோடு சேர்ந்து நோக்கினோம். குழாய்க்கால்கள் வெளிவரும் துளைகள் யூசிடாரிசில் தகட்டுக்கு ஒரு சோடியாக நேர்வரிசையில் இருந்தன. மற்றையதிற் பல சிறு தகடுகள் ஒன்றிணைந்து பெருந்தகடாகியிருந்தமையால், துளைகள் கூட்டங்கூட்டமாக வளைந்து அமைந்திருந்தன. உயிரோடிருக்கையில் ஹெற்றரோசென்றோட்டசின் வாயைச் சுற்றி ஐந்து சோடிப் பூக்கள் உண்டு. சுவாசத்துக்குரிய அவை யூசிடாரிசுக்கு இல்லை.

ஆகவே, ஹெற்றரோசென்றோட்டஸ் மெல்லிய முட்களையுடைய வேறுபல முள்ளெலிகளுக்கே நெருங்கிய உறவு. யூசிடாரிசுக்கு மிகத் தூரத்து உறவு. இவ்விரு குலங்களும் ஏறக்குறைய 26 கோடியே 80 இலட்சம் ஆண்டுகளுக்கு முன்னரே பிரிந்துவிட்டன என்பதற்கு அமெரிக்காவின் டெக்சாஸ் மாநிலத்திற் கிடைத்த உயிர்ச்சுவடுகள் சான்றாகும். பின்னர் 25 கோடியே 20 இலட்சம் ஆண்டுகளுக்கு முன் நேர்ந்த பேரழிவிற் கடலுயிர்களிற் பெரும்பாலன மாண்டொழிந்தன. அவ்வழிவையும் இரு குலங்களுந் தப்பிப் பிழைத்தன. நெடுங்காலத்தின் பின், ஒத்த வாழ்க்கை ஒத்த கருவியைத் தனித்தனியே உருவாக்கிற்று.

நம் மொழியிலும் இத்தகைய மயக்கம் உண்டு. முள்ளம்பன்றி பன்றியன்று, அது கொறிக்கும் பிராணி, எலிக்கு உறவு. முள்ளெலியோ எலியன்று, அது மூஞ்சூறுக்கு உறவு. பெயரும் முள்ளும் ஒன்றைச் சொல்ல, பல்லும் எலும்பும் வேறொன்றைச் சொல்கின்றன. பாகுபாடு என்பது பெயர்களை மனனஞ்செய்வதன்று. எந்த ஒற்றுமை பிறப்பால் வந்தது, எது பிழைப்பால் வந்தது எனப் பிரித்தறிவதே அது.

மாணவர்காள்! ஆசிரியர் விடைகூறிவிட்டார் என்பதற்காக உங்கள் கண் கண்டதைக் கைவிடாதீர்கள். ஆசிரிய நண்பர்களுக்கும் ஒன்று கூறுவோம்: மாணவன் "ஆனால்" என்று தொடங்கும்போது, பாடம் சற்றுத் தாமதித்தாலும் அவ்வாக்கியத்தை முடிக்கவிடுங்கள். நாம் அன்று அதனைச் செய்யவில்லை. அவ்விரு முள்ளெலிகளும் இப்போது எமது ஆய்வுகூடத்து அலுமாரியில் உள்ளன. அவற்றின் கீழுள்ள பெயர்ச்சீட்டுகளை அம்மாணவனே எழுதி ஒட்டினான்.