டிபன் தட்டு ஏந்திய கை

பௌர்ணமி வந்துவிட்டால் எங்கள் அடி அண்ணாமலையில் ராத்தூக்கம் கிடையாது. கிரிவலம் போகிறவர்களின் காலடிச் சத்தம் விடிய விடிய வாசலில் கேட்டுக்கொண்டே இருக்கும். போன பௌர்ணமிக்கு நானும் தூங்காமல், டி.வி.யில் 'காதலிக்க நேரமில்லை' பார்த்து வயிறு வலிக்கச் சிரித்துக்கொண்டிருந்தேன்.

மறுநாள் காலையில் காபி கலக்கும்போது, பின்கட்டிலிருந்து டங்கு டங்கென்று ஒரே சத்தம். எட்டிப் பார்த்தேன். குடியிருப்பவளின் ஏழு வயசுப் பையன், என் அண்டாவைக் கவிழ்த்துப் போட்டு இரண்டு கையாலும் தட்டிக்கொண்டிருந்தான்.

"காலங்காத்தால என்னடா ரகளை? அண்டா உங்க வீட்டுதா?" என்று கத்திவிட்டேன்.

அவன் அம்மா ஓடிவந்தாள். சித்தூர்ப் பக்கத்துக்காரி. புருஷன் போய் இரண்டு வருஷம் ஆகிறது. இங்கே ஒரு ஓட்டலில் மாவாட்டிப் பிழைக்கிறாள். வந்த வேகத்தில் பையன் முதுகில் ஒன்று வைத்தாள்.

"இனிமே தட்ட மாட்டான்க்கா. ரூமைக் காலி பண்ணச் சொல்லிடாதீங்க" என்றாள். குரல் நடுங்கியது.

எனக்குச் சுருக்கென்றது. ஒரு அண்டாச் சத்தத்துக்கா இவ்வளவு பயம்? பையன் அழவில்லை. மூக்கை உறிஞ்சிக்கொண்டு வாய்க்குள் ஒரு மெட்டை முணுமுணுத்தான். முந்தின ராத்திரி படத்தில் வந்த பாட்டு! நான் சிரித்துக்கொண்டிருந்தபோது அவன் வாசப்படியில் நின்று கேட்டிருக்கிறான். உள்ளே வாடா என்று நான் கூப்பிடவில்லை.

அந்த மெட்டுக்கு உரியவரை உங்களுக்கெல்லாம் தெரியும். எம்.எஸ். விஸ்வநாதன். அவர் கதையை நினைத்ததும் என் வெட்கம் இரண்டு பங்காகியது.

பாலக்காட்டை அடுத்த எலப்புள்ளியில் 1928-ல் பிறந்தவர் அவர். நாலு வயசில் அப்பா இறந்துவிட்டார். வறுமை தாங்காமல் பிள்ளையோடு உயிரை விட்டுவிடத் துணிந்தாளாம் தாய். தாத்தா மட்டும் சமயத்தில் வந்து தடுத்திராவிட்டால், நாம் கேட்டுச் சிரித்த பாட்டு ஏது, ஆட்டம் ஏது?

கண்ணூரில் தாத்தா நிழலில் வளர்ந்தார். நீலகண்ட பாகவதரிடம் பாட்டு கற்றார். சினிமாக் கொட்டகையில் தின்பண்டம் விற்றார். நடிக்கிற ஆசையோடு தமிழ்நாட்டுக்கு வந்தவருக்கு ஜூபிடர் நிறுவனத்தில் கிடைத்தது எடுபிடி வேலை. காபி, டிபன் கொண்டு கொடுக்க வேண்டும். ஆர்மோனியப் பெட்டியை ஆளில்லாத நேரத்தில்தான் தொட முடியும்.

அப்படி ஒரு நாள் அவர் வாசித்த மெட்டு, இசையமைப்பாளர் எஸ்.எம். சுப்பையா நாயுடுவின் காதில் விழுந்தது. பிடித்துப்போய் 'அபிமன்யு' (1948) படத்தில் சேர்த்துக்கொண்டார். சின்னப் பையன் போட்டது என்று தெரிந்தால் எடுபடாது, வெளியே சொல்லாதே என்றாராம். ஆனால் ஜூபிடர்காரர்கள் கோவையை விட்டுச் சென்னைக்குக் கிளம்பியபோது, முதலாளியிடம் உண்மையைச் சொல்லி, இந்தப் பையனைக் கைவிடாதீர்கள் என்று கேட்டுக்கொண்டவரும் அதே நாயுடுதான்!

சென்னையில் சி.ஆர். சுப்பராமனிடம் உதவியாளரானார். 1952-ல் சுப்பராமன் இளம் வயதிலேயே இறந்துவிட, 'தேவதாஸ்' உட்பட அவர் பாதியில் விட்ட படங்களை விஸ்வநாதனும் திருச்சிக்காரரான வயலின் வித்வான் டி.கே. ராமமூர்த்தியும் முடித்துக் கொடுத்தார்கள். அதே வருஷம் என்.எஸ். கிருஷ்ணனின் 'பணம்' படத்தில் இரட்டையர் பெயர் வந்தது.

1964-ல் ஸ்ரீதரின் 'காதலிக்க நேரமில்லை'. அதில் பாலையா பெயரும் விஸ்வநாதன்தான். வேலை போன பையன் கூட்டம் சேர்த்துக்கொண்டு, வேலை கொடு என்று அவர் வீட்டு வாசலில் பாடி அமர்க்களம் பண்ணுகிறான். வேலைக்காக வாசலில் நிற்பது எப்படியிருக்கும் என்று அந்த மெட்டைப் போட்ட விஸ்வநாதனுக்குத் தெரியாதா? அதே வருஷம் 'சர்வர் சுந்தரம்' வந்தது. ஓட்டல் சர்வர் சினிமா நட்சத்திரமாகிற கதை. அதில் பாட்டுப் பதிவுக் காட்சியில் வாத்தியக்காரர்களை நடத்துகிறவராக அவரே திரையில் தோன்றுவார். ஒரு காலத்தில் டிபன் தட்டு ஏந்திய கை அது.

இன்னொன்றும் சொல்லவேண்டும். எங்கள் பின்கட்டுப் பையன் பள்ளிக்கூடத்தில் தினமும் பாடும் தமிழ்த்தாய் வாழ்த்தை எழுதிய மனோன்மணீயம் சுந்தரனார் ஆலப்புழையில் பிறந்தவர். அதற்கு மோகன ராகத்தில் மெட்டுப் போட்டவர் இந்தப் பாலக்காட்டுப் பிள்ளை. நம் தாய்க்கு வாழ்த்துப் பாட, வெளியூரில் பிறந்த பிள்ளைகள் வேண்டியிருந்தது! ஏன், எங்கள் ஊரில் கோயில் கொண்டிருக்கும் மாணிக்கவாசகர் மட்டும் உள்ளூரா? திருவாதவூரிலிருந்து வந்து இங்கே திருவெம்பாவை பாடியவர்தானே?

விஸ்வநாதன் 2015 ஜூலை 14-ல் காலமானார். தாத்தா, நாயுடு என்று ஒவ்வொரு திருப்பத்திலும் ஒருவர் கை கொடுத்ததால் அந்தப் பாட்டுகள் நமக்குக் கிடைத்தன. எல்லாப் பிள்ளையும் எம்.எஸ்.வி. ஆகிவிட மாட்டான், சரி. அதற்காக நாம் கத்தி அடக்கிவிட வேண்டுமா?

அன்று சாயங்காலமே அவளைக் கூப்பிட்டேன். "காலி பண்ற பேச்சே வேண்டாம். ஸ்கூல் விட்டு வந்ததும் அரை மணி நேரம் தட்டட்டும். காலைல மட்டும் வேணாம்" என்றேன். அவள் ஒன்றும் பேசவில்லை. முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, பையன் தலையைத் தடவிக் கொடுத்தாள்.

இப்போது எங்கள் வீட்டில் தினமும் மாலையில் கச்சேரி. அண்டா இரண்டு இடத்தில் நசுங்கியிருக்கிறது. போகட்டும். உங்கள் வீட்டு வாசப்படியில் ஏதாவது பிள்ளை நின்று எட்டிப் பார்த்தால், உள்ளே வாடா கண்ணு என்று ஒரு வார்த்தை சொல்லுங்கள். செய்வீர்கள்தானே?