முதலாளி யார்?

ஒரு நள்ளிரவில் நெட் டவுட் தன் சகோதரி நான்சிக்குப் போன் செய்தார். அவர் ஆடிக்கொண்டிருந்த ஐஸ் ஹாக்கி அணி விற்பனைக்கு வந்திருக்கிறது என்பதுதான் செய்தி. அணியின் முதலாளி யார் என்று கேட்டார் நான்சி. நெட்டுக்குத் தெரியவில்லை. யாருக்காகப் பல்லை உடைத்துக்கொள்கிறோம் என்பதே தெரியாமல் ஒருவர் ஆடிக்கொண்டிருக்கிறார் என்பது நான்சியை உறுத்தியது. திரைக்கதை எழுத்தாளரான அவர் பென்சில்வேனியா மாநிலத்தின் ஜான்ஸ்டவுன் நகருக்குக் கிளம்பிப் போனார். விளைவு: 1977 பிப்ரவரியில் வெளியான 'ஸ்லாப் ஷாட்'. பால் நியூமன் நடித்த இந்தப் படத்தை விளையாட்டுப் படங்களில் மிகச் சிறந்தவற்றுள் ஒன்றாக இன்றும் பலர் சொல்கிறார்கள்.

நெட் ஆடிய அணியின் பெயர் ஜான்ஸ்டவுன் ஜெட்ஸ். அமெரிக்க ஐஸ் ஹாக்கியின் உச்சியில் இருப்பது நேஷனல் ஹாக்கி லீக். அதற்குக் கீழே, சின்ன ஊர்களில், சின்னச் சம்பளத்தில், பஸ்ஸில் ராத்திரி முழுக்கப் பயணம் செய்து ஆடும் அணிகளின் உலகம் தனி. இதை மைனர் லீக் என்பார்கள். மேலே போகத் துடிக்கும் இளைஞர்களும், மேலேயிருந்து சரிந்து வந்தவர்களும், எங்கும் போகப்போவதில்லை என்று தெரிந்தும் வேறு தொழில் தெரியாதவர்களும் சந்திக்கும் இடம் அது.

ஜான்ஸ்டவுனோ எஃகு நகரம். மலைகளுக்கு நடுவே இரண்டு ஆறுகள் கூடும் இடுக்கில் இருக்கும் ஊர். முதலாளி யார் என்ற கேள்வி இந்த ஊருக்குப் புதிதல்ல. ஊருக்கு மேலே இருந்த ஏரியும் அதன் அணையும் பிட்ஸ்பர்க் கோடீஸ்வரர்களின் உல்லாச கிளப்புக்குச் சொந்தம். ஆண்ட்ரூ கார்னகி கூட அதில் உறுப்பினர். வண்டிகள் போக வசதியாக அணையின் உயரத்தைக் குறைத்தார்கள். மீன்கள் தப்பிவிடாதபடி உபரிநீர் போகும் வழியில் வலை வைத்தார்கள். 1889 மே 31 அன்று அணை உடைந்தது. 2,209 பேர் இறந்தார்கள். எந்த நீதிமன்றமும் கிளப்பைப் பொறுப்பாக்கவில்லை. பிறகு கார்னகி ஊருக்கு ஒரு நூலகம் கட்டிக் கொடுத்தார். அந்தக் கட்டடம்தான் பின்னாளில் வெள்ள அருங்காட்சியகமானது.

1923 முதல் ஊரின் எஃகு ஆலை பெத்லெஹெம் ஸ்டீல் வசம் இருந்தது. இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு, ஆலைச் சிம்னிகள் ஓயாமல் புகைந்த காலத்தில், போரில் இறந்தவர்களின் நினைவாக ஓர் அரங்கம் கட்டினார்கள். சுமார் 4,000 பேர் உட்காரலாம். அது திறந்த 1950-ல்தான் ஜெட்ஸும் பிறந்தது. அப்போது ஊரின் மக்கள்தொகை 63,000. லீக்குகள் மாறின, ஆட்டக்காரர்கள் வந்து போனார்கள், ஜெட்ஸ் மட்டும் 27 ஆண்டுகள் தாக்குப்பிடித்தது. மைனர் லீக்கில் இது ஒரு முழு ஆயுள்.

1974-75 பருவத்தில் மின்னசோட்டாவிலிருந்து மூன்று சகோதரர்கள் வந்து சேர்ந்தார்கள்: ஜாக், ஜெஃப், ஸ்டீவ் கார்ல்சன். மூவருக்கும் தடித்த கறுப்பு ஃபிரேம் மூக்குக் கண்ணாடி. பந்துக்குப் பதிலாகச் சறுக்கும் ரப்பர் வில்லையான 'பக்'கைத் துரத்துவதில் காட்டிய அதே ஆர்வத்தை எதிராளியைத் துவைப்பதிலும் காட்டினார்கள். அந்த ஆண்டு ஜெட்ஸ் லீக் கோப்பையை வென்றது. நான்சி எழுத உட்கார்ந்தபோது உடை மாற்றும் அறைப் பேச்சு வேண்டுமென்று நெட்டிடம் ஒரு டேப் ரிக்கார்டரைக் கொடுத்திருந்தார். அதில் பதிவானதை அவர் அதிகம் மழுப்பவில்லை. படத்தின் வசனங்களைக் கேட்டு முகம் சுளித்தவர்களுக்கு, எழுதியது ஒரு பெண் என்பது இன்னொரு அதிர்ச்சி.

படப்பிடிப்பு ஜான்ஸ்டவுனிலேயே, அதே அரங்கில் நடந்தது. ஊரின் பெயரை மட்டும் சார்ல்ஸ்டவுன் என்றும் அணியின் பெயரை சீஃப்ஸ் என்றும் மாற்றினார்கள். கார்ல்சன் சகோதரர்கள் 'ஹான்சன் சகோதரர்கள்' ஆனார்கள். ஜாக்குக்கு மேல்மட்ட அணியிலிருந்து அழைப்பு வந்துவிடவே, அவர் இடத்தில் இன்னொரு ஜெட்ஸ் ஆட்டக்காரரான டேவ் ஹான்சன் நடித்தார். ஊர் மக்களே பார்வையாளர்கள்.

கதை இதுதான். ஆலை மூடப்படுகிறது, 10,000 பேருக்கு வேலை போகிறது, அணியும் கலைக்கப்படும் என்று பேச்சு. ஆடிக்கொண்டே பயிற்சியாளராகவும் இருக்கும் நியூமன், ஃபுளோரிடாவில் யாரோ அணியை வாங்கப்போவதாக ஒரு பொய்யைக் கிளப்பிவிடுகிறார். கூட்டம் சேர்க்க அடிதடியை அவிழ்த்துவிடுகிறார். அரங்கம் நிரம்புகிறது. கடைசியில் முகம் தெரியாத அந்த முதலாளியைத் தேடிப் பிடிக்கிறார். வசதியான வீட்டில் வசிக்கும் ஒரு பெண்மணி. அணியை விற்க முடியும்தான்; ஆனால் கலைத்து நஷ்டக் கணக்கு காட்டினால் வரியில் அதிக லாபம் என்கிறார். தன் குழந்தைகளை ஹாக்கி பார்க்க விடுவதில்லை, வன்முறை அதிகம் என்றும் சொல்கிறார். அடிதடிக் காட்சிகளைவிட மூர்க்கமானது இந்த வரவேற்பறைக் காட்சிதான்.

இனி நடந்தது கதையல்ல. படம் வெளியான சில மாதங்களிலேயே ஜெட்ஸ் ஆடிய லீக் சரிந்தது. ஜூலை மாதம் விடிய விடியக் கொட்டிய மழையில் மறுபடியும் வெள்ளம். மறுபடியும் ஓர் அணை உடைந்தது. 80-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். அரங்கின் பனித்தள இயந்திரங்களையும் வெள்ளம் விட்டுவைக்கவில்லை. ஜெட்ஸ் அதோடு முடிந்தது. எஃகு ஆலையும் மெல்ல மெல்லச் சுருங்கியது. 1983-ல் ஜான்ஸ்டவுனின் வேலையின்மை 24 சதவீதத்தைத் தாண்டியது. அமெரிக்காவிலேயே அதிகம். 1992-ல் பெத்லெஹெம் மூட்டை கட்டியது. நான்சி கதைக்காக மூடிய ஆலையை வரலாறு சாவகாசமாக மூடியது.

இதற்கிடையில் ஒரு விநோதம். 1988 ஜனவரியில் ஊருக்கு மீண்டும் நிலையான அணி வந்தது. பெயர்: ஜான்ஸ்டவுன் சீஃப்ஸ். நிஜ அணியைப் பார்த்துப் படம் எடுத்தார்கள். படத்து அணியின் பெயரை நிஜ அணிக்கு வைத்தார்கள். அதே ஆண்டு தொடங்கிய ஈஸ்ட் கோஸ்ட் ஹாக்கி லீக்கின் ஐந்து நிறுவன அணிகளில் சீஃப்ஸும் ஒன்று. பயிற்சியாளர் வேறு யாருமல்ல, ஸ்டீவ் கார்ல்சன். முதல் பருவத்திலேயே இறுதிப் போட்டிக்குப் போய், ஏழாவது ஆட்டம் வரை இழுத்து, கரோலினா தண்டர்பேர்ட்ஸிடம் தோற்றது. அதன் பிறகு கடைசி வரை கோப்பை கிட்டவில்லை.

கோப்பை இல்லாவிட்டால் என்ன, அணி நகரவில்லை. கூட ஆரம்பித்த நான்கும் ஊர் மாறின அல்லது மறைந்தன. லீக் பனியையே பார்க்காத தென் மாநிலங்களில் புதிய அரங்கங்களைத் தேடிப் பரவியது. வேலை தேடி இளைஞர்கள் வெளியேறிய ஊரில், ஜெட்ஸ் காலத்து ஜனத்தொகையில் மூன்றில் ஒரு பங்கை வைத்துக்கொண்டு சீஃப்ஸ் 22 பருவங்கள் ஆடியது. இந்த ஒரு புள்ளிவிவரம் ஒரு கோப்பைக்குச் சமம். ஆனால் கணக்குப் புத்தகத்தில் கோப்பைக்கும் இடமில்லை, இதற்கும் இடமில்லை. 2010-ல் உரிமையாளர்கள் அணியைத் தெற்கு கரோலினாவின் கிரீன்வில்லுக்குக் கொண்டுபோனார்கள். அவர்களில் ஒருவர் நீல் ஸ்மித். 1994-ல் நியூயார்க் ரேஞ்சர்ஸ் ஸ்டான்லி கோப்பையை வென்றபோது அதன் பொது மேலாளர். இந்த முறை முதலாளி யார் என்று எல்லோருக்கும் தெரிந்திருந்தது. தெரிந்து என்ன பயன்? வெயில் தேசத்துக்கு அணி போகப்போகிறது என்ற நியூமனின் பொய், ஃபுளோரிடா என்பதை மட்டும் கொஞ்சம் தள்ளிவைத்துவிட்டுப் பார்த்தால், 33 ஆண்டுகள் கழித்துப் பலித்தது.

அரங்கம் அதே இடத்தில் இருக்கிறது. 2015-ல் ஐஸ் ஹாக்கி மீது அதிகப் பற்றுள்ள அமெரிக்க ஊரைத் தேர்ந்தெடுக்கும் போட்டி முதன்முறையாக நடந்தபோது ஜான்ஸ்டவுன்தான் வென்றது. அரங்கைப் புதுப்பிக்க 1,50,000 டாலர் பரிசு. கூடவே பிட்ஸ்பர்க் பெங்குவின்ஸும் டாம்பா பே லைட்னிங்கும் வந்து ஒரு பருவ முன்னோட்ட ஆட்டம் ஆடின. 2020 கணக்குப்படி ஊரின் மக்கள்தொகை 18,000 சொச்சம்.

2012 முதல் அங்கே டோமஹாக்ஸ் என்ற ஜூனியர் அணி ஆடுகிறது. அதுவும் வேறு ஊரிலிருந்து, அலாஸ்காவிலிருந்து, பெயர்ந்து வந்ததுதான். ஆட்டக்காரர்கள் இருபதைத் தொடும் வயதுப் பையன்கள். சம்பளம் கிடையாது. பருவம் முடியும்வரை உள்ளூர்க் குடும்பங்கள் அவர்களைத் தங்கள் வீடுகளில் தங்கவைத்துச் சாப்பாடு போடுகின்றன.